மூன்று அண்ணன்மாரும் பெயரில்லாத மூன்று பெண்களும்

ஏற்காட்டுக்குப் போகிறவர்கள் ஏரியையும் லேடீஸ் சீட்டையும் பார்த்துவிட்டு, நேரமிருந்தால் சேர்வராயன் கோயிலுக்கும் ஏறுவார்கள். சுமார் 5,300 அடி உயரத்தில், பரந்த சமதரையாக விரியும் மலையுச்சி அது. அங்கே குனிந்து நுழைய வேண்டிய குகை ஒன்று. உள்ளே சேர்வராயனும் காவேரியம்மனும் இருக்கிறார்கள். அவர் மலை, அவள் ஆறு என்று விளக்கம் சொல்வார்கள். மே மாதத் திருவிழாவுக்குச் சுற்றியுள்ள மலைக் கிராமங்களிலிருந்து மலையாளி மக்கள் திரண்டு வருவார்கள்.

இந்த மலையாளிகள் கேரளத்தைச் சேர்ந்தவர்கள் அல்லர். சேர்வராயன், கொல்லிமலை, பச்சைமலை, கல்வராயன், சவ்வாது மலைகளில் வாழும், தமிழ் பேசும் பழங்குடியினர். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி மூன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள். தமிழ்நாட்டுப் பழங்குடிகளில் எண்ணிக்கையில் முதலிடம் இவர்களுக்குத்தான். ஏற்காடு சட்டமன்றத் தொகுதி பழங்குடியினருக்கென ஒதுக்கப்பட்டிருப்பதும் இவர்களால்தான்.

சாமியின் குகையில் ஆணுக்கும் பெண்ணுக்கும் இடம் இருக்கிறது. ஆனால் அந்த மக்கள் எங்கிருந்து வந்தார்கள் என்று சொல்லும் கதையில் ஆண்கள் மட்டுமே நடக்கிறார்கள். காஞ்சிபுரத்திலிருந்து அண்ணன் தம்பி மூவர் புறப்பட்டார்கள். பெரியண்ணன் சேர்வராயனுக்குப் போனான், மற்ற இருவரும் வேறு மலைகளுக்குப் போனார்கள். அவர்களுடைய வழிவந்தவர்களே இன்றைய மலையாளிகள். நூறாண்டுக்கும் மேலாக அச்சில் இருக்கும் கதை இது. அரசு ஆவணங்களிலும் ஆய்வேடுகளிலும் பயண நூல்களிலும் திரும்பத் திரும்ப வருகிறது.

மூன்று ஆண்கள் மட்டும் சேர்ந்து ஒரு இனத்தைப் பெற்றெடுக்க முடியாது. அந்தப் பெண்கள் யார்? எங்கிருந்து வந்தார்கள்? அவர்களுக்குப் பெயர் இருந்ததா? இந்தக் கட்டுரை அந்தக் கேள்விகளைப் பின்தொடர்கிறது. வழியில் மெக்சிகோவரை ஒருமுறை போய்வர வேண்டியிருக்கிறது. இதே போன்ற ஒரு கதையை அங்கே ஒரு பெண் ஆய்வாளர் வேறு விதமாக வாசித்துக் காட்டியிருக்கிறார்.

கம்பளியும் கணக்கும்

எட்கர் தர்ஸ்டன் 1885 முதல் 1908 வரை சென்னை அரசு அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்தவர். கே. ரங்காச்சாரியின் உதவியோடு அவர் வெளியிட்ட ‘தென்னிந்தியக் குலங்களும் குடிகளும்’ என்ற ஏழு தொகுதி நூல் 1909இல் வந்தது. மனிதர்களின் தலையையும் மூக்கையும் கருவி வைத்து அளந்து, அந்த அளவுகளால் இனங்களைப் பிரித்துவிடலாம் என்று நம்பிய காலம் அது. தர்ஸ்டன் அந்த நம்பிக்கையின் முன்வரிசையில் நின்றவர்.

மலையாளிகளைப் பற்றி அவர் எழுதியதில் ஒரு தீர்ப்பு இருக்கிறது. நீலகிரியின் தோடர்களைப் போல இவர்கள் தொன்மையான மலைக்குடிகள் அல்லர், சமவெளியிலிருந்து அண்மைக் காலத்தில் மலையேறியவர்கள் என்பது அவர் முடிவு. யாரோ ஒருவர் சொன்ன வேடிக்கையான விளக்கத்தையும் சேர்த்துக்கொள்கிறார்: சமவெளித் தமிழருக்கு ஒரு கம்பளியைப் போர்த்திவிட்டால் அவர் மலையாளி. உடனே இன்னொரு விவரமும் தருகிறார். அந்தக் கம்பளி ஆண்களுக்கு மட்டும்தான். சிறுவன் முதல் கிழவன் வரை ஆண்கள் அதைக் குளிருக்கும் மழைக்கும் படுக்கைக்கும் பயன்படுத்துகிறார்கள், பெண்களுக்கு அது கிடையாது.

கம்பளிதான் மலையாளியின் அடையாளம், பெண்களிடம் கம்பளி இல்லை. அப்படியானால் அந்த விளக்கத்துக்குள் பெண்கள் எங்கே இருக்கிறார்கள்? ஏற்காட்டின் குளிரில் போர்வையில்லாமல் நின்ற பெண்களை அவர் பார்த்திருக்கிறார். எழுதியும் வைத்திருக்கிறார். ஆனால் அது அவருக்கு ஒரு சுவையான தகவலாக மட்டுமே பட்டது. ஓர் இனத்துக்குத் தந்த விளக்கம் அதில் பாதிப் பேரை வெளியே நிறுத்துகிறது என்பது அவர் கண்ணில் படவில்லை.

தோற்றக் கதைக்கு வருவோம். தர்ஸ்டன் அதன் பல வடிவங்களைத் தொகுத்திருக்கிறார். ஒன்றில், காஞ்சி வேளாளர்கள் பத்துத் தலைமுறைக்கு முன் முஸ்லிம் ஆட்சிக் காலத்தில் ஊரைவிட்டுக் கிளம்பி மலையேறினார்கள். இன்னொன்றில், கரிராமன் என்ற தெய்வம் காஞ்சியில் இருக்கப் பிடிக்காமல் கிளம்பிவிடுகிறது. பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என்ற மூன்று அடியார்கள் தங்கள் குடும்பங்களோடு பின்தொடர்கிறார்கள். ‘குடும்பம்’ என்ற அந்த ஒரு சொல்லுக்குள் பெண்கள் எல்லோரும் அடங்கிவிடுகிறார்கள்.

மூன்றாவது வடிவம் மாறுபட்டது. அதில் பெண்கள் வருகிறார்கள்.

திருச்சிக் கெசட்டியரில் ஒரு பத்தி

அந்த வடிவத்தைப் பதிவு செய்தவர் எஃப். ஆர். ஹெமிங்வே. திருச்சி மாவட்டக் கெசட்டியரை 1907இல் எழுதிய ஆங்கிலேய அதிகாரி. மலையாளிகளிடம் ‘நாட்டுக்கட்டு’ என்ற பாடல் தொகுப்பு இருந்ததாகவும், அவர்களுடைய பழங்கதை அதில் இருப்பதாகவும் அவர் சொல்கிறார். அந்தக் கதை இப்படிப் போகிறது.

காஞ்சி அரசனின் சகோதரன் ஒருவன் பூசாரி. அரசனோடு பிணங்கித் தன் மூன்று மகன்களோடும் பெண்மக்களோடும் இந்தப் பக்கம் வருகிறான். இங்கே ஏற்கெனவே வேடர்களும் வேளாளர்களும் ஆட்சி செய்கிறார்கள். சண்டை மூள்கிறது, வந்தவர்கள் வெல்கிறார்கள். சடையக் கவுண்டன் என்ற பெரியண்ணன் சேர்வராயனையும், நடுவண்ணன் பச்சைமலையையும், சின்னண்ணன் கொல்லிமலையையும் எடுத்துக்கொள்கிறார்கள். மூவரும் இந்த நாட்டுப் பெண்களை மணக்கிறார்கள். பெரியண்ணனுக்குக் கைக்கோளப் பெண், நடுவண்ணனுக்கு வேடப் பெண், சின்னண்ணனுக்குத் தேவேந்திரப் பள்ளப் பெண். போர் முடிந்த களைப்பில் தங்களுக்குச் சாப்பாடு கொடுத்த ஒரு தொட்டியருக்கு, அந்தச் சாப்பாட்டுக்கு ஈடாகத் தங்கையைக் கட்டிக்கொடுக்கிறார்கள்.

கதையில் நான்கு பெண்கள் வந்துவிட்டார்கள். நால்வருக்கும் பெயர் இல்லை. மூவர் சாதிப் பெயரால் மட்டும் அறியப்படுகிறார்கள், நான்காமவள் தங்கை என்ற உறவால். ‘மணந்தார்கள்’ என்ற சொல்லையும் நாம் அப்படியே விழுங்கிவிட வேண்டியதில்லை. தோற்ற பக்கத்துப் பெண்களை வென்ற பக்கத்து ஆண்கள் எடுத்துக்கொள்வதற்கு உலகமெங்கும் கதைகள் வைத்திருக்கும் நாகரிகமான பெயர் அது. தங்கையின் கதையிலோ அந்த நாகரிகமும் இல்லை. ஒரு வேளைச் சோற்றுக்குக் கைமாறிய பெண் அவள்.

ஹெமிங்வே கதையோடு நிறுத்தவில்லை. கதைக்குச் சான்றாக அப்போது வழக்கில் இருந்த சில பழக்கங்களையும் பட்டியலிட்டார். அவற்றை விநோதமான வழக்கங்கள் என்ற கணக்கில் சேர்த்திருந்தார். அவற்றுக்கு நாம் திரும்பி வருவோம். அதற்கு முன் மெக்சிகோ.

அஸ்டெக் கதையை வாசித்த ஒரு பெண்

நாம் அஸ்டெக் என்று அழைக்கும் மக்கள் தங்களை மெஷிகா என்று அழைத்துக்கொண்டார்கள். அவர்களுடைய தோற்றக் கதையும் ஓர் இடப்பெயர்வுக் கதைதான். அஸ்ட்லான் என்ற ஊரிலிருந்து புறப்படுகிறார்கள். விட்சிலோபோச்ட்லி என்ற போர்த் தெய்வம் முன்னே நடத்திச் செல்கிறது. நெடுங்காலம் அலைந்து, ஓர் ஏரியின் நடுத்தீவில் கள்ளிச் செடி மேல் கழுகு அமர்ந்த இடத்தில் டெனோச்டிட்லான் நகரை அமைக்கிறார்கள். மரபாகச் சொல்லப்படும் ஆண்டு 1325. இன்றைய மெக்சிகோ நகரம் அதன் மேல்தான் நிற்கிறது.

அந்தப் பயணத்தில் பெண்களுக்கு என்ன நடக்கிறது? தெய்வத்தின் சகோதரி மலினால்ஷோச்சிட்ல் சூனியக்காரி என்று சொல்லப்பட்டு, அவள் தூங்கிக்கொண்டிருக்கும்போதே வழியில் கைவிடப்படுகிறாள். இன்னொரு சகோதரியான கோயோல்ஷாவ்கியைத் தெய்வமே வெட்டித் துண்டாக்குகிறது. கைகால் தனித்தனியாகக் கிடக்கும் அவளுடைய உருவம் செதுக்கிய, மூன்று மீட்டருக்கும் அகலமான வட்டக் கல் 1978 பிப்ரவரியில் மெக்சிகோ நகரின் நடுவே மின்சாரத் தொழிலாளர்கள் தோண்டியபோது கிடைத்தது. அடுத்து, குல்வாகான் நகரின் தலைவனிடம் அவன் மகளைக் கேட்டு வாங்குகிறார்கள். அவளைத் தங்கள் அரசியாக்குவதாகச் சொல்லி அழைத்து வந்து பலியிடுகிறார்கள். பிறகு அவள் டோசி என்ற தெய்வமாகிறாள். டோசி என்றால் ‘நம் பாட்டி’.

அதே 1978இல் மானுடவியலாளர் ஜூன் நாஷ், அஸ்டெக் அரசு போரைச் சார்ந்து வளர வளரப் பெண்களின் இடம் சுருங்கியதைப் பற்றிப் புகழ்பெற்ற ஒரு பெண்ணியக் கட்டுரையை வெளியிட்டார். பதினோரு ஆண்டுகள் கழித்து, 1989இல், சூசன் கில்லெஸ்பி ‘அஸ்டெக் அரசர்கள்’ என்ற நூலை வெளியிட்டார். நமக்கு வேண்டியது அந்த நூலின் வாசிப்பு முறை.

மெஷிகா அரச வம்சத்தின் தொடக்கத்தில் இலான்குவெய்ட்ல் என்ற பெண் வருகிறாள். குல்வாகானைச் சேர்ந்தவள். ஒரு பதிவில் அவள் முதல் அரசன் அகமாபிச்ட்லியின் மனைவி, இன்னொன்றில் அவனுடைய தாய். எது சரி, எது பிழை என்று கண்டுபிடிப்பதில் வரலாற்றாசிரியர்கள் நெடுங்காலம் செலவிட்டார்கள். கில்லெஸ்பி கேள்வியை மாற்றிக் கேட்டார். இத்தனை பதிவுகளும் முரண்படும்போதும் அந்த இடத்தில் ஏன் எப்போதும் ஒரு பெண் நிற்கிறாள்?

அவருடைய பதில் இது. மெஷிகா ஆண்கள் வந்தேறிகள். வாளால் நிலத்தைப் பிடிக்கலாம், ஆனால் ஆளும் உரிமை வாளால் வராது. அது அந்த மண்ணின் பழைய அரச குலத்துப் பெண் வழியாகத்தான் வர வேண்டும். அதனால்தான் வம்சம் தொடங்கும் இடத்திலும், நடுவில் அது தடம் மாறும் இடத்திலும், ஸ்பானியர்களிடம் வீழும் இடத்திலும் ஒரு பெண் நிறுத்தப்படுகிறாள். தாயா, மனைவியா, மகளா என்று பதிவுகள் குழம்புவதற்குக் காரணம், அவள் மூன்றின் வேலையையும் ஒருத்தியாகச் செய்வதுதான். கடைசியில் நிற்கும் பெண் மொக்டெசுமாவின் மகள் இசபெல். அவளை மணந்த ஹுவான் கானோ என்ற ஸ்பானியர், மனைவியின் சொத்துக்கு உரிமை கேட்டுப் பழைய வம்சாவளியை எழுதி வாங்கினார். பெண் வழி வரும் உரிமை என்பது வென்றவர்களுக்கும் தேவைப்பட்டது.

சோறு, சீப்பு, மச்சான்

இப்போது ஹெமிங்வேயின் பத்திக்குத் திரும்புவோம். அவர் பட்டியலிட்ட வழக்கங்கள் இவை.

பச்சைமலைப் பெண்கள் ஒவ்வொரு வேளையும் கணவனுக்குப் பரிமாறுவதற்கு முன், தங்கள் வேட முன்னோருக்கென ஒரு பங்கு சோற்றை எடுத்து வைக்கிறார்கள். கல்யாணத்தின்போது மணப்பெண் தலையில் சீப்பு அணிகிறாள், அது வேடர்களின் அடையாளம் என்று சொல்லப்படுகிறது. மாப்பிள்ளை மணப்பந்தலில் வாளும் அம்பும் வைக்கிறான். கொல்லிமலை ஆண்களைப் பள்ளர் பெண்கள் ‘மச்சான்’ என்று அழைக்கிறார்கள், மலையாளிகளுக்கு அது பிடிப்பதில்லை. தொட்டியர் ஆண்கள் மலையாளிகளை மச்சான் முறையில் அன்பாக நடத்துகிறார்கள். தொட்டியர் பெண்களோ அவர்களைச் சகோதரர்களாகக் கருதினாலும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. சோற்றுக்காகத் தங்கையை விற்றவர்கள் என்ற நினைவுதான் காரணம்.

இதில் யார் எதை நினைவில் வைத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். பாட்டும் கதையும் காஞ்சியை, வெற்றியை, அண்ணன்மாரின் பெயர்களை நினைவில் வைத்திருக்கின்றன. பெண்களின் கைகள் வேறொன்றை நினைவில் வைத்திருக்கின்றன. அடுப்படியில் கணவனின் இலைக்கு முன்னால் ஒரு பங்கு விலகுகிறது. அது காஞ்சியிலிருந்து வந்த தகப்பன் வழி முன்னோருக்கு இல்லை, அங்கேயே இருந்த தாய் வழி முன்னோருக்கு. தோற்றுப்போனவர்களுக்கு, வென்றவர்களின் வீட்டிலேயே, நாள்தோறும் முதல் சோறு.

பந்தலில் மாப்பிள்ளை வைக்கும் அம்பு வேட்டையைக் குறிக்கிறது, வாள் நாட்டைப் பிடித்ததைக் குறிக்கிறது என்பது விளக்கம். ஒரே கல்யாணத்தில் மணப்பெண் சூடும் சீப்பில் வெற்றி எதுவும் இல்லை. அது அவளுடைய பாட்டியின் பாட்டி யார் என்று மட்டும் சொல்கிறது.

தொட்டியர் பெண்களின் கோபம் இன்னும் கூர்மையானது. ஆண்களுக்கு அந்தக் கொடுக்கல் வாங்கலால் ஒரு மச்சான் உறவு கிடைத்தது, அதனால் அன்பு. கைமாறியவள் பெண் என்பதால் பெண்களுக்கு அதில் கிடைத்தது அவமானம். அவள் பெயர் மறந்துவிட்டது. அவளுக்குச் செய்யப்பட்டது மறக்கவில்லை. தலைமுறை தலைமுறையாகப் பெண்கள் காட்டிய முகச்சுளிப்பு ஓர் ஆவணத்துக்கு நிகரானது.

‘மச்சான்’ என்ற அழைப்பு மலையாளிகளுக்குப் பிடிக்காமல் போனதற்கும் காரணம் தேட வேண்டியதில்லை. வேளாளர் வழி என்று தகப்பன் பக்கத்தைச் சொல்லிக்கொள்ளும்போது, பள்ளர் குலத்துத் தாய் சாதிக் கணக்கில் இடறுகிறாள். சாதிப் பெருமை தன்னைக் காப்பாற்றிக்கொள்ள முதலில் அழிப்பது தாயைத்தான். ஆனால் அந்தத் தாயின் ஊர்ப் பெண்கள் விடவில்லை. எங்கள் வீட்டுப் பெண்ணைக் கட்டியவர்கள் நீங்கள் என்பதை ஒற்றைச் சொல்லால் நினைவூட்டிக்கொண்டே இருந்தார்கள்.

கில்லெஸ்பியின் வாசிப்பை இங்கே வைத்துப் பார்த்தால் கதை தெளிவாகிறது. வந்தவர்கள் மலைக்கு உரியவர்கள் ஆனது அங்கிருந்த பெண்கள் வழியாக. கதை அந்தப் பெண்களை ஒரே வரியில் கடந்துபோனாலும் முழுக்க நீக்கிவிட முடியவில்லை. நீக்கினால் மலைக்கும் அண்ணன்மாருக்கும் இடையே உறவே இல்லாமல் போய்விடும்.

யாருடைய பக்கத்திலிருந்து எண்ணுகிறோம்?

இந்த இடத்தில் தர்ஸ்டனின் தீர்ப்பை மீண்டும் எடுத்துப் பார்க்கலாம். மலையாளிகள் தொன்மையான மலைக்குடிகள் அல்லர் என்றார். எதை வைத்து? வந்த அண்ணன்மாரின் கதையை வைத்து. அவர் தொகுத்த அதே பக்கங்களில், அந்த அண்ணன்மார் இந்த நாட்டுப் பெண்களை மணந்தார்கள் என்ற செய்தியும் இருக்கிறது. தகப்பன் பக்கத்திலிருந்து எண்ணினால் சில தலைமுறைக் குடியேற்றம். தாய் பக்கத்திலிருந்து எண்ணினால் காஞ்சிக்காரர்கள் வருவதற்கு முன்பே இங்கே இருந்தவர்கள். ஒரே சான்றுதான். எந்தப் பெற்றோரை எண்ணுகிறோம் என்பதில் ஓர் இனத்தின் வயதே மாறிவிடுகிறது.

மலையில் மனிதர்கள் வாழ்ந்ததற்குத் தொல்லியல் சான்றும் உண்டு. இந்தியத் தொல்பழங்கால ஆய்வின் முன்னோடியான ராபர்ட் புரூஸ் ஃபூட் ஓய்வுக்குப் பின் ஏற்காட்டில் வாழ்ந்தவர். சேர்வராயன் மலைகளிலிருந்து புதிய கற்காலக் கற்கோடரிகளை அவர் சேகரித்தார். ஸ்காட்ஃபோர்த் காப்பித் தோட்டத்தில் கிடைத்த சுடுமண் பெண் உருவங்களைப் பற்றியும் எழுதினார். சுருள் சுருளாக முடி அலங்கரித்து, உச்சியில் உயரமான சீப்புச் சூடிய உருவங்கள் அவை. அந்தச் சீப்பையும் பச்சைமலை மணப்பெண்ணின் சீப்பையும் அவசரமாக முடிச்சுப் போட வேண்டாம், இடையில் எத்தனையோ நூற்றாண்டுகள் கிடக்கின்றன. அண்ணன்மார் ஏறிவந்தது ஆளில்லாத மலைக்கு இல்லை என்பதற்கு மட்டும் அது போதும்.

இது பழங்கதை பற்றிய சர்ச்சை மட்டுமாக இருந்திருந்தால் இத்தனை பக்கம் தேவைப்பட்டிருக்காது. தகப்பனை மட்டும் எண்ணும் பழக்கம் இன்றும் பெண்களின் கையிலிருக்கும் காகிதங்களைத் தீர்மானிக்கிறது. சாதிச் சான்றிதழில் பிள்ளைக்குத் தகப்பனின் சமூகமே என்பதுதான் நெடுங்கால நடைமுறை. பழங்குடித் தாய்க்கும் பழங்குடி அல்லாத தகப்பனுக்கும் பிறந்த பிள்ளை, தாயின் சமூகத்தில் வளர்ந்ததை நிரூபித்து அந்த அடையாளத்தைக் கோரலாம் என்று உச்ச நீதிமன்றம் 2012இல்தான் தெளிவாகச் சொன்னது.

சொத்தில் நிலைமை இன்னும் கடினம். 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம், அதன் இரண்டாம் பிரிவின்படி, மத்திய அரசு தனியே அறிவித்தால் அல்லாமல் பழங்குடியினருக்குப் பொருந்தாது. 1989இல் தமிழ்நாடு அந்தச் சட்டத்தைத் திருத்திப் பெண்களுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்தில் பிறப்புரிமை தந்தது. சேலம் நகரத்து மகளுக்கு அது கிடைத்தது. அதே மாவட்டத்தில் ஏற்காட்டு மலையாளி மகளுக்கு அந்தச் சட்டம் தானாக வரவில்லை. அவளுக்குச் சமூக வழக்கம்தான் சட்டம். 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இந்த விலக்கை மறுபரிசீலனை செய்யுமாறு மத்திய அரசைக் கேட்டுக்கொண்டது. 2025 ஜூலையில் சத்தீஸ்கரிலிருந்து வந்த ஒரு வழக்கில், பழங்குடிப் பெண்ணுக்குப் பங்கை மறுப்பது சமத்துவத்துக்கு எதிரானது என்றும், பெண்ணுக்குப் பங்கு தரும் வழக்கம் இருந்தது என்று அவளே நிரூபிக்க வேண்டியதில்லை என்றும் தீர்ப்பளித்தது.

வழக்கம் என்ற சொல் எவ்வளவு கனமானது என்று இங்கே புரிகிறது. வழக்கம் எது என்று சொல்லும் பழைய நூல்கள் யாரிடம் கேட்டு எழுதப்பட்டன? ஊர்க்கவுண்டர், பூசாரி, மணியக்காரர் ஆகியோரிடம் அதிகாரி கேட்டார். அவர்கள் சொன்னது வரலாறு ஆனது. பெண்கள் செய்துகொண்டிருந்தது விநோதம் ஆனது. சோற்றில் ஒரு பங்கு விலக்கி வைப்பதும் ஒரு வழக்கம்தானே? தாய்வழிக்கு மரியாதை உண்டு என்று சொல்லும் வழக்கம் அது. எந்த நீதிமன்றத்திலும் யாரும் அதை எடுத்து வைத்ததில்லை.

சேர்வராயனின் முறை

ஹெமிங்வே எழுதியது திருச்சி மாவட்டத்துக்கு. ஆகவே பச்சைமலையின் வேடப் பெண்ணுக்கும் கொல்லிமலையின் பள்ளப் பெண்ணுக்கும் அவர் பத்தியில் சான்றாக வழக்கங்கள் வருகின்றன. சேர்வராயனுக்கு வந்த பெரியண்ணன் மணந்த கைக்கோளப் பெண்ணுக்கு ஒரு சாதிப் பெயரைத் தவிர ஒன்றுமில்லை. அவள் நெசவு செய்யும் குலத்தைச் சேர்ந்தவள். அவள் நினைவாக ஏற்காட்டு மலைக் கிராமங்களில் ஒரு சேலை முறையோ, நூல் முறையோ, கல்யாணத்தில் யார் முதலில் புடவை எடுத்துக் கொடுப்பது என்ற உரிமையோ இருக்கலாம். அதை அளவுகோலோடு வந்த அதிகாரியால் கேட்டிருக்க முடியாது. அந்த ஊர்களிலிருந்து இன்று சேலத்துக் கல்லூரிகளுக்கு வந்து படிக்கும் பெண்களால் கேட்க முடியும்.

கேட்க வேண்டியவர்கள் பாட்டிமார். ‘நாம் எங்கிருந்து வந்தோம்’ என்று கேட்டால் அவர்களும் அண்ணன்மார் கதையைத்தான் சொல்வார்கள். வேறு மாதிரி கேட்க வேண்டும். சமைத்ததும் முதலில் யாருக்கு எடுத்து வைப்பாய், ஏன்? கல்யாணத்தில் பெண்ணுக்கு மட்டும் செய்கிற காரியம் எது? எந்த ஊர்க்காரர்களோடு நம் வீட்டுப் பெண்கள் பேசமாட்டார்கள்? உன் அம்மாவின் அம்மாவின் ஊர் எது, அவள் பெயர் என்ன? பதில்களை அப்படியே, பெயரோடு எழுதி வைக்க வேண்டும்.